வெட்டுக்கிளிக் குலத்து மாப்பிள்ளை

ஏழாவது முறையாக அந்தக் காட்சியைப் பின்னுக்கு ஓட்டி நிறுத்தினாள் ஸ்கோவியா. திரையின் நடுவில் ஒரு முறம் நிறைய வறுத்த வெட்டுக்கிளிகள், அதைக் குலுக்கும் இரண்டு கைகள். மசாகா சந்தையில் இப்ரா அந்தக் கைகளுக்காகத்தான் கேமராவை வைத்திருந்தான். அவள் பார்த்துக்கொண்டிருந்தது திரையின் இடது ஓரத்தை. தக்காளிக் கூடைகளுக்குப் பின்னால், தார்ப்பாய் நிழலில், ஓர் ஆண் முதுகைக் காட்டி நின்று காகிதப் பொட்டலத்திலிருந்து எடுத்து எடுத்துத் தின்றுகொண்டிருந்தான். பக்கத்தில் நின்று பொட்டலத்தைப் பிடித்திருந்தவள் நாலோங்கோ, ஸ்கோவியா எடுக்கும் ஆவணப்படத்தின் நாயகி. அவனுடைய முகம் தெரியவில்லை. காது தெரிந்தது. சூடான எதையும் வாயில் போடுமுன் இடது காதுமடலை இரண்டு விரலால் பிடித்து இழுத்துக்கொள்கிற ஒருவனை ஸ்கோவியாவுக்குத் தெரியும். வருகிற சனிக்கிழமை அவன் தன் உறவுக்காரர்களோடு வெள்ளை அங்கி அணிந்து அவளுடைய அப்பாவின் வாசலில் மாப்பிள்ளையாக வந்து நிற்கப்போகிறான்.

"மேடம், முறத்தையே பாத்துட்டிருந்தா வயிறு நிறைஞ்சுடுமா? மணி ஒண்ணாச்சு" என்றான் இப்ரா, பின்னாலிருந்து. அவள் சட்டென்று காட்சியைப் பெரிதாக்கினாள். இடது ஓரம் திரைக்கு வெளியே போய்விட்டது. கைகளும் முறமும் மட்டும் மிஞ்சின.

"நீ போய்ச் சாப்பிடு. நான் அப்புறம் வரேன்."

"கல்யாணப் பொண்ணு பட்டினி கிடந்தா உங்க அத்தை என்னைத்தான் கேப்பாங்க. ஏற்கெனவே அன்னிக்கு, 'பொண்ண இருட்டு ரூம்ல வச்சு வெளுக்க வைக்கிறியா'ன்னு கேட்டாங்க." சிரித்துக்கொண்டே படியிறங்கிப் போனான். கீழே இரும்புக் கடையில் யாரோ தகரத்தை வெட்டும் சத்தம். அது ஓயும்வரை காத்திருந்துவிட்டு, மறுபடியும் இடது ஓரத்துக்குப் போனாள்.

வெட்டுக்கிளி தின்பதில் ஒன்றுமில்லை. நவம்பர் வந்துவிட்டால் கம்பாலாவில் பாதி வாய்கள் அதைத்தான் மென்றுகொண்டிருக்கும். ஆனால் அந்த மாப்பிள்ளை, கிஸா, வெட்டுக்கிளிக் குலத்தவன். குலத்துக்குப் பெயர் தந்த உயிரை வாயில் வைக்கக் கூடாது. ஸ்கோவியாவின் அப்பா எறும்புத்தின்னிக் குலம். நில அளவையாளராக இருந்து ஓய்வு பெற்றவர். எறும்புத்தின்னி படம் போட்ட நாட்காட்டி ஒருமுறை வீட்டுக்கு வந்தபோது, வருடம் முடிந்தும் அதைக் கிழிக்க மனம் வராமல் பீரோவுக்குள் படுக்க வைத்தார். கிஸா முதல் தடவை வீட்டுக்கு வந்த அன்று, உட்காரச் சொல்வதற்கு முன்னால் அவர் கேட்ட கேள்வி, "என்ன குலம் தம்பி?" என்பதுதான். ஒரே குலமென்றால் அண்ணன் தங்கை முறை. பேச்சே இல்லை. "வெட்டுக்கிளிங்க ஐயா" என்று அவன் சொன்னதும் அப்பாவின் தோள்கள் தளர்ந்ததை அவள் சமையலறை வாசலில் இருந்து பார்த்தாள். "நல்லது. நமக்கு ஆகும். உக்காருங்க."

குலமாவது கட்டுப்பாடாவது என்று இரகசியமாக எல்லாவற்றையும் தின்கிற ஆட்கள் இருக்கிறார்கள்தான். அவளுக்கே நாலைந்து பேரைத் தெரியும். ஆனால் இந்த இரண்டு வருடத்தில், வெட்டுக்கிளி விற்கும் பெண்கள் எதிரே வந்தால் கிஸா முகத்தைத் திருப்பிக்கொண்டு தெருவைக் கடந்திருக்கிறான். அவ்வளவு பெரிய நடிப்பு எதற்கு? இன்னொன்று: திரையின் மூலையில் தேதி இருந்தது. நவம்பர் பதினான்கு. அன்றைக்கு அவன் ஜின்ஜாவில் ஒரு பள்ளிக்கூடத்துக் கூரையில் சூரிய மின்தகடு மாட்டிக்கொண்டிருந்தான். அப்படித்தான் சொன்னான். மாலையில் அவளைத் தொலைபேசியில் கூப்பிட்டு, "ஜின்ஜாவுல என்ன வெயில் தெரியுமா" என்றுகூடச் சொன்னான். மசாகாவில் அன்று அவளும் இருந்தாள். சந்தைக்கு வெளியே வண்டியில் உட்கார்ந்து அடுத்த நாளுக்கான குறிப்புகளை எழுதிக்கொண்டிருந்தாள். நூறு அடி தூரம்.

அவள் ஒலியைத் தேடினாள். நாலோங்கோவின் ரவிக்கையில் சட்டை மைக் ஒன்று எப்போதும் குத்தியிருக்கும். அதன் சின்னப் பெட்டி இடுப்புக்கச்சையில் செருகியிருக்கும். கேமரா எங்கே திரும்பினாலும் அவள் பேசுவது தனியாகப் பதிவாகிக்கொண்டிருக்கும். ஸ்கோவியா ஒலியைப் படத்தோடு சேர்த்து வைத்து ஓட விட்டாள். சந்தை இரைச்சல், எண்ணெயின் சடசடப்பு, நாலோங்கோ பக்கத்துக் கடைக்காரியைத் திட்டுவது. பிறகு ஒரு சின்ன 'டிக்'. அதன் பின் ஒன்றுமில்லை. திரையில் ஒலியின் மலைகள் எல்லாம் தரையோடு தரையாகப் படுத்துவிட்டன. நான்கு நிமிடம் பதினோரு விநாடி. மறுபடி ஒரு 'டிக்', மறுபடி எண்ணெய்ச் சத்தம். படத்தில் அதற்குள் அந்த ஆண் போய்விட்டிருந்தான்.

பெட்டியை அணைக்க நாலோங்கோவுக்குச் சொல்லிக்கொடுத்தது அவள்தான். முதல் நாளே, "கழிப்பறைக்குப் போறப்ப மட்டும் இந்தப் பொத்தானை அமுக்குங்கம்மா. இல்லைன்னா இப்ரா பய எல்லாத்தையும் கேட்டுடுவான்" என்று சொன்னபோது சந்தையே சிரித்தது. மூன்று வாரத்தில் நாலோங்கோ அதை வேறு எதற்கும் தொட்டதில்லை. பக்கத்து வீட்டுக்காரனின் கள்ளத் தொடர்பைப் பேசியபோதும் தொடவில்லை. நகராட்சிக்காரனைக் கெட்ட வார்த்தையில் திட்டியபோதும் தொடவில்லை.

ஸ்கோவியா பேட்டி எழுதிய நோட்டை எடுத்துப் புரட்டினாள். இரட்டைப் பிள்ளை பெற்றவளைத்தான் நாலோங்கோ என்று கூப்பிடுவார்கள். அவளுடைய சொந்தப் பெயர் சந்தையில் யாருக்கும் தெரியாது. பிள்ளைகள் இருவரும் அம்மையில் போய்விட்டார்கள் என்று முதல் வாரமே சொல்லியிருந்தாள். அடுத்து ஸ்கோவியா கேட்டிருந்தாள்: இரட்டையருக்குப் பிறகு? நாலோங்கோ வெட்டுக்கிளியின் இறக்கையைப் பிய்த்துக்கொண்டே சொன்ன பதில் நோட்டில் சிவப்பு மையில் கோடிடப்பட்டிருந்தது. "மழை பெஞ்சுது. நின்னுது." என்ன அழகான வரி என்று அன்றைக்கு அவள் பூரித்துப்போனாள். படம் இந்த வரியில்தான் தொடங்க வேண்டும் என்று இப்ராவிடம் சொன்னாள். இப்போது படிக்கும்போது அதில் அழகு எதுவும் தெரியவில்லை. கேட்டதற்குப் பதில் சொல்லாமல் நழுவியிருக்கிறாள், அவ்வளவுதான். இரட்டையருக்கு அடுத்துப் பிறக்கிற பிள்ளைக்கு, ஆணானாலும் பெண்ணானாலும், இந்த நாட்டில் ஒரே பெயர்தான் வைப்பார்கள். கிஸா.

அந்தப் பெயர் எந்தக் குலத்துக்கும் சொந்தமில்லை. மற்றப் பெயர்களைக் கேட்டதும் குலத்தைச் சொல்லிவிடலாம். கிஸா என்றால் பிறந்த வரிசை மட்டும்தான் தெரியும். அவள் அதை இதுவரை யோசித்ததே இல்லை.

படிக்கட்டில் இப்ராவின் காலடி கேட்டது. நோட்டை மூடினாள்.

மறுநாள் மாலை அவளும் கிஸாவும் வழக்கமாகச் சாப்பிடும் சப்பாத்திக் கடைக்குப் போனார்கள். கடைக்காரன் முட்டையை அடித்துச் சப்பாத்திக்குள் சுருட்டிக்கொண்டிருந்தான். பக்கத்தில் ஒருத்தி பிளாஸ்டிக் வாளியில் வெட்டுக்கிளி வைத்து விற்றாள். ஸ்கோவியா எழுந்துபோய் ஒரு குவளை வாங்கி வந்து மேசையின் நடுவில் வைத்தாள். மிளகாயும் வெங்காயமும் போட்டு வறுத்தது. ஆவி பறந்தது.

கிஸா நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளினான். "என்ன பண்ற நீ? எங்க குலம் தெரியுமில்ல?"

"படத்துக்காக மூணு வாரம் இதோட வாசத்துலயே இருந்தேனா, நாக்கு கேக்குது. நீ அந்தப் பக்கம் திரும்பிக்கோ."

அவன் திரும்பிக்கொண்டான். முகம் சுளித்த விதம், உதட்டின் ஓரம் இறங்கிய விதம், எல்லாம் கச்சிதம். ஆனால் இடது கை மேலே எழுந்து காதுமடல்வரை போனது. அங்கே ஒரு கணம் நின்றுவிட்டு, பின்தலையைச் சொறிவதுபோல நழுவியது. அவள் ஒரு வெட்டுக்கிளியை வாயில் போட்டு மெதுவாக மென்றாள். பதினைந்து வருடமாக மனிதர்களைப் படமெடுத்துப் பிழைக்கிறவள் அவள். ஓர் ஆள் கேமராவுக்காகச் செய்வதும் தனக்காகச் செய்வதும் எங்கே பிரிகிறது என்று பார்த்துச் சொல்வதுதான் அவளுடைய தொழில். இந்த ஒருவனிடம் மட்டும் அதைப் பார்க்கக் கூடாது என்று வைத்திருந்தாள்.

"படம் எப்படி வருது?" என்று தெருவைப் பார்த்தபடியே கேட்டான். "அந்தம்மாவுக்கு முட்டி வலி கொறைஞ்சுதா?"

"எந்தம்மாவுக்கு?"

"அதான், உன் படத்துல வர்றவங்க. நாலோங்கோ."

முட்டி வலியைப் பற்றி அவனிடம் சொன்னோமா? அவள் நினைவைத் துழாவினாள். சொல்லியிருக்கலாம். சொல்லாமலும் இருந்திருக்கலாம். சந்தேகம் என்று வந்துவிட்டால் பழைய பேச்சுகள் எல்லாம் ஒவ்வொன்றாக எழுந்து வந்து தன்னையும் பார் என்கின்றன. மே மாதத்தில் ஒருநாள், அடுத்த படத்துக்கு என்ன எடுப்பது என்று அவள் தலையைப் பிய்த்துக்கொண்டிருந்தபோது வெட்டுக்கிளிப் பருவத்தைச் சொன்னதே இவன்தான். விரலைச் சாம்பலில் தொட்டுக்கொண்டு இறக்கை பிய்த்தால் வழுக்காது, இரண்டாவது ஈடு வறுக்கும்போது எண்ணெயே ஊற்ற வேண்டாம், அதன் கொழுப்பே போதும் என்றெல்லாம் சொன்னான். வெட்டுக்கிளியைத் தொடக்கூடாத குலத்தில் பிறந்தவனுக்கு இதெல்லாம் எப்படித் தெரியும் என்று அவளுக்கு அப்போது தோன்றவே இல்லை. மசாகாவில் யாரைப் பிடிப்பது என்றபோது, "எனக்குத் தெரிஞ்ச டிரைவர் ஒருத்தன் சொன்னான், நாலோங்கோன்னு ஒரு அம்மா, நல்லா பேசுவாங்களாம்" என்றதும் இவன்தான். தன்னுடைய அம்மா தூரத்தில் ஒரு கிராமத்தில் இருக்கிறார், கால் முடியாதவர், கல்யாணம் முடிந்ததும் கூட்டிப்போகிறேன் என்று சொல்லியிருந்தான். பெண் வீட்டுக்கு வரும் ஊர்வலத்தில் மாப்பிள்ளையின் அம்மா வருவது வழக்கமில்லை என்பதால் அவளும் அதற்குமேல் கேட்கவில்லை.

அப்படியென்றால் இது யாருடைய படம்? அவள் எடுத்ததா, இவன் எடுக்க வைத்ததா?

"கொறைஞ்சிருக்கும்" என்றாள். "நாளைக்குப் போறேன். சந்தைச் சத்தம் கொஞ்சம் பத்தல."

சப்பாத்தியை வாயருகே கொண்டுபோன கிஸா நிறுத்தினான். "கல்யாணத்துக்கு ரெண்டு நாள் இருக்கு. இப்பவா?"

"சத்தம் பத்தலன்னா பத்தலதான்."

வியாழக்கிழமை காலை அவள் தனியாகவே வண்டியை எடுத்துக்கொண்டு கிளம்பினாள். வழியில் லுக்காயாவில் வண்டியை நிறுத்தியதும் சன்னலுக்குள் சுட்ட வாழைப்பழமும் கோழிக்காலும் குச்சிகளில் நீண்டன. எதுவும் வேண்டியிருக்கவில்லை. வழியெல்லாம் அவள் நாலோங்கோவிடம் கேட்க வேண்டியதை ஒத்திகை பார்த்தாள். முதலில் ஒரு காதலி இருக்கலாம் என்று நினைத்தாள். பிறகு அந்தப் பெண்ணுக்கு அறுபது வயது என்று தன்னையே திட்டிக்கொண்டாள். அத்தையாக இருக்கலாம், வளர்ப்புத்தாயாக இருக்கலாம், அவனுக்கு எப்போதோ சோறு போட்டவளாக இருக்கலாம். அம்மா என்ற சொல்லை மட்டும் அவள் தொடவில்லை. எதுவாக இருந்தாலும் சொல்லியிருக்கலாமே என்ற இடத்தில் வந்து எல்லா யோசனையும் முட்டிக்கொண்டு நின்றது.

சந்தையில் பருவம் முடிகிற சோர்வு தெரிந்தது. சாக்குகள் பாதி காலி. நாலோங்கோ தாழ்வான முக்காலியில் உட்கார்ந்து, சாம்பல் பூசிய விரல்களால் இறக்கை பிய்த்துக்கொண்டிருந்தாள். ஸ்கோவியா வழக்கம்போல முழந்தாளிட்டு வணங்கினாள். வழக்கத்தைவிடக் கொஞ்சம் நேரம் எழாமல் இருந்தாள்.

"எழுந்திரு எழுந்திரு, பாவாடை அழுக்காகும். சனிக்கிழமை கல்யாணத்தை வச்சுக்கிட்டு இங்க என்ன வேலை உனக்கு? இப்படி எலும்பா போய் நின்னா மாப்பிள்ளை வீட்டுக்காரங்க திருப்பி அனுப்பிடுவாங்க. இந்தா, தின்னு."

ஸ்கோவியா காகிதப் பொட்டலத்தை வாங்கிக்கொண்டாள். கல்யாணத்தைப் பற்றி நாலோங்கோவிடம் அவள் ஒரு வார்த்தையும் சொன்னதில்லை. படமெடுக்கிறவள் தன் கதையைச் சொல்லக்கூடாது என்பது அவள் வைத்திருந்த விதி.

"இந்த மைக்கைக் கொஞ்ச நேரம் மாட்டிக்கிறீங்களாம்மா?"

"மாட்டு. பழகிப்போச்சு. இது இல்லாம பேசினா, நான் பேசினதே எனக்குக் கேக்க மாட்டேங்குது." பக்கத்துக் கடைக்காரி சிரித்தாள். "அவளுக்கு அது கல்யாண மோதிரம் மாதிரி. ராத்திரிகூட கழட்ட மாட்டா!" என்றாள். "உனக்கு எவன் மாட்டுவான், வாயை மூடிக்கிட்டு வியாபாரத்தைப் பாரு" என்றாள் நாலோங்கோ.

பெட்டியை இடுப்பில் செருகி, மைக்கைக் குத்தி, ஹெட்போனைக் காதில் வைத்துக்கொண்டு ஸ்கோவியா எதிரில் உட்கார்ந்தாள். ஒரு பிடி வெட்டுக்கிளியை எடுத்து அவளும் இறக்கை பிய்க்கத் தொடங்கினாள். காதுக்குள் நாலோங்கோவின் மூச்சு மிக அருகில் கேட்டது.

"அம்மா, இரட்டைப் பிள்ளைங்களுக்கு அப்புறம் பிறந்த கிஸா எங்க இருக்கான்?"

நாலோங்கோவின் விரல்கள் நிற்கவில்லை. ஆனால் அவள் பார்வை கீழே இறங்காமலே, வலது கை மட்டும் முறத்தை விட்டு இடுப்புக்குப் போய், கட்டைவிரல் பொத்தானைத் தேடிக் கண்டுபிடித்தது. டிக். ஹெட்போனில் இருந்து உலகம் எடுத்துக்கொண்டு போகப்பட்டது. ஸ்கோவியா ஹெட்போனைக் கழற்றிக் கழுத்தில் போட்டுக்கொண்டாள்.

"அவன் சொன்னானா?" என்றாள் நாலோங்கோ.

"சொல்லல. காது தெரிஞ்சுது."

நாலோங்கோ உதட்டுக்குள் சிரித்தாள். "சின்ன வயசுல வாயைச் சுட்டுக்கிட்டான். அதுல இருந்து அந்தக் காதைப் புடிச்சு இழுப்பான்." கோணியின் அடியில் இருந்த கடைசிக் கைப்பிடியை முறத்தில் கொட்டிப் பரப்பினாள். "அவங்கப்பன் லாரி ஓட்டினான். மூணு பருவம் வந்தான் இங்க, வெட்டுக்கிளி ஏத்த. நாலாவது பருவம் வேற டிரைவர் வந்தான்."

"என்ன குலம்னு கேக்கலையா?"

"கேட்டேன். சிரிச்சான். இந்தப் பொண்ணுங்களே இப்படித்தான்னான்." அவள் விரலைச் சாம்பலில் தொட்டாள். "பய பசின்னு அழுவான். வேற என்ன இருந்துது என்கிட்ட? இதைத்தான் வறுத்துக் குடுத்தேன். இதுலதான் வளர்ந்தான். எட்டு வயசுல மாதாகோயில் உபதேசியார் மாத்தியா, நல்ல மனுசன், பள்ளிக்கூடத்துல சேக்கிறேன்னு கூட்டிட்டுப் போனாரு. அப்பா பேருன்னு கேட்ட எடத்துல தன் பேரை எழுதிட்டாரு. அவரு வெட்டுக்கிளிக் குலம். அன்னிக்குச் சாயங்காலம் இவன் வந்து வாயைத் திறந்துகிட்டு நிக்கிறான். நான் சொன்னேன், இனிமே இதைத் தின்னக்கூடாதுடா, நீ வேற வீட்டுப் புள்ள. அவன் ஏன்னு கேக்கல. அப்புறம் ஒவ்வொரு பருவத்துக்கும் ஒரு நாள், ஒரே ஒரு நாள், யாரும் பாக்காதப்ப வருவான்."

சந்தை தன் பாட்டுக்கு இரைந்துகொண்டிருந்தது. ஸ்கோவியாவுக்குள்ளே ஒரு குரல், காட்சி வெட்டுகிறவளின் குரல், இதுவும் கிஸா சொல்லிக்கொடுத்துச் சொல்வதாக இருந்தால் என்று கேட்டது. அந்தக் குரலை அவளுக்குப் பிடிக்கவில்லை. அதை நிறுத்தவும் தெரியவில்லை.

"அந்த லாரிக்காரர்..." என்று தொடங்கினாள். "எறும்புத்தின்னியைப் பத்தி ஏதாவது, அதைத் தொட மாட்டேன்னோ, அந்த மாதிரி..."

நாலோங்கோ அவளை நிமிர்ந்து பார்த்தாள். இருவரும் ஒரே குலமாகிவிடுமோ என்ற பயம் அவளுக்குப் புரிந்துவிட்டது. "நீங்க எறும்புத்தின்னிக் குலமா?" என்றாள் மெதுவாக. "இந்த ஊர்ல யாரும்மா அதைத் திங்கிறாங்க? தின்னாத்தானே, இவன் திங்கலைன்னு தெரியும்."

ஸ்கோவியா கையில் இருந்த இறக்கைகளைக் கீழே போட்டாள். பச்சையும் பழுப்புமாக அவை தரையில் குவிந்து, காற்று வந்தபோதெல்லாம் லேசாக எழுந்து அடங்கின.

"முதல் நாளே தெரியுமா உங்களுக்கு, நான் யாருன்னு?"

"அப்புறம் எதுக்கு ஒத்துக்கிட்டேன்னு நினைச்ச? படம் யாருக்கு வேணும்? நீ என்னைப் படம் புடிச்ச. நான் உன்னைப் பாத்தேன். மூணு வாரம். எந்த மாமியாருக்குக் கிடைக்கும்?" பக்கத்துக் கடைக்காரி இந்தப் பக்கம் திரும்புவதைக் கண்டு குரலைத் தாழ்த்திக்கொண்டாள். "சனிக்கிழமை உங்க ஆளு, அந்த இப்ரா, படம் புடிப்பானா?"

"புடிப்பான்."

"அப்போ ஒருநாள் கொண்டாந்து காட்டு. அவன் அந்தப் பந்தல்ல எப்படி நிக்கிறான்னு பாக்கணும்." சொல்லிவிட்டுக் கையைத் தட்டிச் சாம்பலை உதறினாள். பொத்தானை மறுபடி அமுக்கினாள். "ஆ, ஓடுதா? இந்த வருசம் விலை ரொம்ப மோசம்மா, யாரைக் கேட்டாலும் சொல்வாங்க" என்று உரக்கத் தொடங்கினாள்.

வெள்ளிக்கிழமை முழுக்க அவளுடைய அப்பா வீட்டு முற்றத்தில் எதிரெதிராக, இரு வீட்டாருக்கும் இரண்டு பந்தல்கள் எழும்பின. அப்பா அளவுநாடாவை வைத்துக்கொண்டு இரண்டுக்கும் இடையே சரியாக முப்பது அடி இருக்கிறதா என்று பார்த்தார். வாழையிலைகளை அனலில் வாட்டிக்கொண்டிருந்த பெண்களின் பாட்டு பின்கட்டிலிருந்து வந்தது. சொல்லிவிடலாம் என்று ஸ்கோவியா அப்பாவின் அருகே இரண்டு முறை போனாள். முதல் முறை அவர் கையில் கைத்தடி இருந்தது. இரண்டாவது முறை அவர் சந்தோஷமாக இருந்தார். மனைவி இறந்த பிறகு அவர் அப்படி விசிலடித்து அவள் கேட்டதில்லை. தகப்பன் பெயர் தெரியாதவன் என்று கேள்விப்பட்டால் இந்தப் பந்தல்களை அவரே பிரித்துவிடுவார் என்று அவளுக்குத் தெரியும். அவர் கெட்டவர் இல்லை. எல்லைக்கல் இல்லாத நிலத்தில் அவர் வாழ்நாளில் ஒரு கோடு கிழித்ததில்லை, அவ்வளவுதான்.

மாலையில் கிஸாவைத் தொலைபேசியில் அழைத்தாள்.

"மசாகா போயிட்டு வந்துட்டேன்."

அந்தப் பக்கம் ஒரு கதவை மூடும் சத்தம் கேட்டது.

"அவங்க முட்டி வலி எப்படியிருக்கு?" என்றான்.

"என்கிட்ட ஏன் சொல்லல?"

"உன்னை அவங்ககிட்ட அனுப்பினேன், ஸ்கோவியா. எனக்குத் தெரிஞ்ச வழி அதுதான்."

"அது சொல்றதா? கதவைத் திறந்து வச்சுட்டுப் போறதுக்குப் பேரு சொல்றதா?" குரல் உடைந்தது. உடையக்கூடாது என்று நினைத்திருந்தாள். "நாளைக்கு நீ வாயைத் திறந்து உன் குலத்தையும் முன்னோர் பேரையும் சொல்றதை எங்க அப்பா கேப்பாரு. நானும் கேப்பேன்."

"நான் என்ன சொல்லணும்?"

அவளுக்கு அதுதான் தெரியவில்லை. வைத்துவிட்டாள்.

சனிக்கிழமை பிற்பகல். முன்னறையில் ஆறு அத்தை மகள்களும் சித்தி மகள்களும் ஸ்கோவியாவைச் சுற்றி உட்கார்ந்திருந்தார்கள். பட்டு உடையின் தோள்முனைகள் விறைப்பாக நின்றன. அவள் மடியில் மைக்கின் ஒலியை வாங்கித் தரும் பெட்டி, தலைமேல் ஹெட்போன். "இது மணப்பொண்ணா, ரேடியோ ஸ்டேஷனா?" என்றாள் அத்தை, அவள் கொண்டையைக் காப்பாற்றப் போராடியபடி. "படத்துக்குங்க அத்தை. சத்தம் சரியா வருதான்னு பாக்கணும்." கல்யாணத்தையும் படமாக்குகிறவள் என்று எல்லோரும் சிரித்தார்கள். காலையில் இப்ராவிடம் அவள் சொல்லி அனுப்பியிருந்தாள்: மாப்பிள்ளைக்கு ஒரு மைக் குத்திவிடு. அங்கிக்குள்ளே, வெளியே தெரியாமல் குத்து. பெட்டி இடுப்பில் இருக்கட்டும்.

சன்னல் கண்ணாடி வழியாக முற்றம் முழுக்கத் தெரிந்தது. கூடைகள் வரிசையாக உள்ளே வந்தன. சர்க்கரை, இறைச்சி, பெண்ணின் அண்ணனுக்கு மரபாகத் தரும் சேவல். இரண்டு தரப்புப் பேச்சாளர்களும் ஒலிபெருக்கியில் ஒருவரையொருவர் கிண்டலடித்தார்கள். "வழி தவறி வந்துட்டீங்களா, இங்க வாழைக்காய் விக்கிறதில்ல" என்று பெண் வீட்டுத் தரப்பு சொல்ல, கூட்டம் கைதட்டியது. ஹெட்போனில் அவளுக்கு இன்னொரு சத்தமும் கேட்டுக்கொண்டிருந்தது. அங்கி உரசும் சத்தம், அதற்கு அடியில் கிஸாவின் மூச்சு. உபதேசியார் மாத்தியாவின் மகன்கள் அவனுக்கு இரண்டு பக்கமும் உட்கார்ந்திருந்தார்கள். அவர்களில் ஒருவன், "அஞ்சு தலைமுறைப் பேரும் நினைவிருக்குல்ல?" என்று முணுமுணுத்ததுகூடத் தெளிவாக விழுந்தது.

வழக்கமாக மாப்பிள்ளையின் குலத்தைப் பேச்சாளரே சொல்லிவிடுவார். ஆனால் அப்பா, முன்பே சொல்லியிருந்தபடி, எழுந்து கையை உயர்த்தினார். "அந்தப் பெட்டியை நிறுத்துங்க" என்று ஒலிபெருக்கியைக் காட்டினார். "பையன் சொல்லட்டும். அவன் வாயால. நான் காதால கேக்கணும்." ஒலிபெருக்கியின் இரைச்சல் அடங்கியது. முற்றமே அமைதியானது. ஸ்கோவியா ஹெட்போனை இரண்டு கைகளாலும் காதோடு சேர்த்து அழுத்திக்கொண்டாள். பொய்யென்றால் ஐந்து பெயர்கள் வரும். மாத்தியா, மாத்தியாவின் அப்பா, அவருக்கு அப்பா, அப்படியே மேலே. உண்மையென்றால் ஒரு பெண்ணின் பெயரோடு நின்றுவிடும்.

கிஸா எழுந்து பந்தலுக்கு வெளியே, வெயிலுக்கு வந்தான். இரண்டு பந்தல்களுக்கும் நடுவில் நின்றான். அவன் மூச்சை உள்ளே இழுப்பது அவளுக்குக் கேட்டது. அவன் ஸ்கோவியாவின் அப்பாவைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். பார்வை இறங்கவே இல்லை. வலது கை மட்டும் மெதுவாக இடுப்புக்குப் போயிற்று. கட்டைவிரல் அங்கியின் மேலேயே தடவித் தேடியது.

டிக்.

காதுகளுக்குள் ஒன்றுமே இல்லை. சன்னலுக்கு அப்பால் கிஸாவின் உதடுகள் அசையத் தொடங்கின. ஒரு பெயர். உதடுகள் மூடின. திறந்தன. அத்தை அவள் கொண்டையிலிருந்து கையை எடுத்துவிட்டு என்னடி என்றாள். ஹெட்போனைக் கழற்றாத ஸ்கோவியாவுக்குக் கேட்கவில்லை. எதிரே, கைத்தடியை மடியில் சாய்த்துவிட்டு, அப்பா ஒரு கையைக் குவித்துக் காதுக்குப் பின்னால் வைத்துக்கொண்டு முன்னால் சாய்ந்தார்.